தரம் என்கிற பாஸ்போர்ட்

'விஷயம் கிடக்கட்டும், எடுத்த விதம் நன்றாயிருக்கிறது' என்ற வாக்கியத்தைச் சொல்லாதவர் நம்மில் யாரும் இல்லை. நானும் பலமுறை சொல்லியிருக்கிறேன். ஃப்ரெஞ்சு ஸெக்ஸ் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் இது உடனே நாக்கில் வந்து உட்கார்ந்துகொள்கிறது. அமெரிக்கச் சரக்கு என்றால் முகம் சுளிக்கிறோம். ஃப்ரெஞ்சு என்றால் குரல் மாறிவிடுகிறது. 'அது வேறு, அதில் ஒரு தரம் இருக்கிறது' என்கிறோம். இந்தத் 'தரம்' என்ற சொல்லைக் கொஞ்சம் உரசிப் பார்க்கலாம் என்று தோன்றுகிறது. விரசம் எது, கலை எது என்ற பட்டிமன்றத்தில் எனக்கு அக்கறை இல்லை. இரண்டு கட்சிக்காரர்களும் பதிலைக் கையில் வைத்துக்கொண்டுதான் அங்கே வந்து உட்காருகிறார்கள். தரம் இந்தப் படங்களில் என்ன வேலை பார்த்தது, யாருக்காகப் பார்த்தது என்பதுதான் என் கேள்வி.

இதற்குத் தோதான படம் 'எம்மானுவெல்'. 1974 ஜூன் 26 பாரிஸில் வெளிவந்தது. அந்த ஏப்ரலில் ஜனாதிபதி பாம்பிடூ இறந்து, மே மாதம் ஜிஸ்கார் தெஸ்தேன் தேர்ந்தெடுக்கப்பட்டு, ஸென்ஸாரின் பிடி தளர்ந்திருந்த சமயம். பதினெட்டு வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு மட்டும் என்ற நிபந்தனையோடு வந்த படத்துக்கு ஃப்ரான்ஸில் மட்டுமே ஏறக்குறைய 89 லட்சம் டிக்கட்டுகள் விற்றன. ஷான்ஸெலிஸேயில் ஒரு தியேட்டரில் பத்து வருஷங்களுக்கு மேல் ஓடிற்று. கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. பாங்காக்கில் ஃப்ரெஞ்சுத் தூதரகத்தில் இருப்பவனின் இளம் மனைவி, கணவனிடம் போய்ச் சேருகிறாள். கணவனும், அவனைச் சுற்றியுள்ளவர்களும் அவளுக்கு 'விடுதலை'யைக் கற்பிக்கிறார்கள்.

ஆனால் டைட்டிலைப் படியுங்கள். திரைக்கதை ழான்-லூயி ரிஷார். த்ரூஃபோவுடன் சேர்ந்து 'தி ஸாஃப்ட் ஸ்கின்', 'ஃபாரன்ஹீட் 451', 'டே ஃபார் நைட்' எல்லாம் எழுதிய அதே ரிஷார். பீ என்ற பெண்ணாக வருபவர் மரிகா க்ரீன். ப்ரெஸ்ஸோனின் 'பிக்பாக்கெட்' (1959) கடைசிக் காட்சியில் சிறைக்கம்பிக்கு அப்புறம் நின்றாளே ழான், அவள்தான். எம்மானுவெலுக்குத் தத்துவம் போதிக்கும் கிழவன் மாரியோவாக ஆலேன் க்யூனி. ஃபெலினியின் 'லா டோல்ச்சே வீட்டா'வில் (1960) ஸ்டைனர் என்ற அறிவுஜீவியாக வந்து, குழந்தைகளைக் கொன்று தன்னையும் கொன்றுகொள்கிறவர். ஃபிலிம் ஸொஸைட்டிக்காரன் எவனுக்கும் இந்தப் பெயர்களைப் பார்த்ததும் கொஞ்சம் மரியாதை பிறக்கும். எனக்குப் பிறந்தது. 'பிக்பாக்கெட்'டில் நடித்த பெண் இருக்கிற படம் எப்படி மட்டமாக இருக்கமுடியும் என்று ஒரு நண்பரிடம் வாதாடியது நினைவிருக்கிறது. இன்று அது எனக்கு வெட்கமாக இருக்கிறது. ப்ரெஸ்ஸோன் அந்தப் பெண்ணிடமிருந்து நடிப்பைப் பிடுங்கி எறிந்து, ஒரு முகத்தை வெறும் முகமாக நமக்குத் தந்தார். ஜுஸ்ட் ஜேக்கின் அந்த முகத்தின் மேல் ஒட்டியிருந்த ப்ரெஸ்ஸோனை மட்டும் வாடகைக்கு எடுத்துக்கொண்டார். இரண்டும் ஒன்றாகுமா?

இன்னொரு வேடிக்கை. 1954-ல் த்ரூஃபோ எழுதிய பிரசித்தமான கட்டுரையில், அவர் கல்லெறிந்த இலக்குக்கே 'தரத்தின் மரபு' என்றுதான் பெயர். நல்ல செட்டு, நல்ல ஒளி, நல்ல வசனம், உள்ளே உயிரில்லை என்பது அவர் குற்றச்சாட்டு. இருபது வருஷம் கழித்து அவருடைய கூட்டாளியே அந்தத் தரத்தை, சாமான்களை மட்டும் மாற்றி, பாங்காக்கில் கடை பரப்புகிறார்.

ஜேக்கினுக்கு இது முதல் படம். அதற்கு முன் ஃபாஷன் போட்டோகிராபர். அடுத்த வருஷம் 'எம்மானுவெல் 2' எடுத்த ஃப்ரான்ஸிஸ் ஜியாக்கோபெட்டியும் போட்டோகிராபர்தான், காலண்டர் படங்களில் பெயர் வாங்கியவர். அந்த இரண்டாவது படத்தின் ஒளிப்பதிவாளர் ரொபேர் ஃப்ரேஸ் பின்னால் 'தி லவர்' (1992) படத்துக்காக ஆஸ்கார் பட்டியல்வரை போனார். ஆகவே கைத்திறனில் குறை சொல்ல இடமில்லை. ஆனால் ஃபாஷன் போட்டோவின் சூத்திரம் என்ன? துணியை விற்கத் துணியைக் காட்டினால் போதாது, அந்தத் துணி வாழ்கிற வீட்டைக் காட்டவேண்டும். நீச்சல் குளம், மூங்கில் தட்டி, ஸ்க்வாஷ் மைதானம், கொசுவலைக்குப் பின்னால் கரைந்து வரும் காலை வெளிச்சம். படம் பெரிய ஸ்டூடியோ பணத்தில் எடுக்கப்பட்டதல்ல. பணக்கார வீடு என்ற எண்ணத்தை நமக்குள் எழுப்பிவிட்டால், படமே பணக்காரப் படம்போல் தெரிகிறது. உயர்ந்த தயாரிப்பு என்று நாம் சொல்வதில் முக்கால்வாசி, உயர்ந்தவர்களுடைய வீட்டை வெளியே நின்று எட்டிப்பார்த்த கிறக்கம்தான்.

ஸில்வியா க்ரிஸ்டெல் உட்கார்ந்திருக்கும் அந்தப் பிரம்பு நாற்காலி படத்தைவிடப் பிரசித்தம். மயில் தோகைபோல் முதுகு விரிந்த நாற்காலி. போஸ்டரில் அதைப் பார்த்தவர்கள் உலகெங்கும் படம் பார்த்தவர்களைவிட அதிகம் இருக்கக்கூடும். நான் முதலில் அதை ஃப்ரெஞ்சு டெக்கரேட்டர் எவரோ கற்பனை செய்தது என்று நினைத்திருந்தேன். இல்லை. இருபதாம் நூற்றாண்டின் துவக்கத்தில், ஃபிலிப்பைன்ஸ் அமெரிக்கர்கள் கையில் இருந்தபோது, மணிலாவின் பிலிபித் சிறையில் கைதிகள் பின்னி, கப்பலேறி அமெரிக்க வீடுகளின் தாழ்வாரங்களுக்குப் போன சரக்கு அது. போட்டோ ஸ்டூடியோக்களில் சீமாட்டிகள் அதில் உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டார்கள். 1967-ல் கறுப்புச் சிறுத்தைகளின் ஹ்யூயி நியூட்டன் ஒரு கையில் துப்பாக்கி, ஒரு கையில் ஈட்டியோடு அதே மாதிரி நாற்காலியில் உட்கார்ந்து, அதைச் சிம்மாசனமாக்கினார். ஏழு வருஷத்தில் அது எம்மானுவெலின் நாற்காலியாகிவிட்டது. கைதியின் கை அதில் எங்கே இருக்கிறது என்று தேடினால் கிடைக்காது. பின்னல் அவ்வளவு சுத்தம்.

படம் பயணப்பட்டதும் அந்த நாற்காலி பயணப்பட்ட மாதிரிதான். அமெரிக்காவில் அதை வாங்கி வெளியிட்டது கொலம்பியா. பெரிய ஸ்டூடியோ ஒன்று எக்ஸ் முத்திரையோடு ஒரு படத்தை விநியோகிப்பது லேசான காரியமாக இருக்கவில்லை. கொலம்பியாவுக்கு அதுதான் முதல். விளம்பர வாசகம், 'எக்ஸ் இதற்குமுன் இப்படி இருந்ததில்லை' என்பது. அதாவது நீங்கள் பார்க்கப்போவது அந்த எக்ஸ் அல்ல, வெட்கப்படாமல் மனைவியை அழைத்துக்கொண்டு வரலாம் என்று அர்த்தம். 1972-ல் 'டீப் த்ரோட்' கொடுத்த கூச்சத்துக்கு இது மருந்து. ஜப்பானில் தலைப்பையே 'எம்மானுவெல் சீமாட்டி' என்று மாற்றினார்கள். அங்கே பெண்கள் கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்கள். ஸ்பெயினில் ஃப்ராங்கோ உயிரோடிருந்ததால் படம் நுழைய முடியவில்லை. ஸ்பானியர்கள் பஸ் பிடித்து எல்லை தாண்டி பெர்ப்பின்யான் தியேட்டர்களுக்கு வந்தார்கள். அதற்கு முந்தைய வருஷம் 'லாஸ்ட் டாங்கோ'வுக்கும் இப்படித்தான் வந்தார்கள். சரக்கு எல்லை தாண்ட முடியாதபோது வாடிக்கைக்காரன் தாண்டுகிறான்.

இத்தாலிக்காரர்கள் பார்த்தார்கள். 1975-ல் 'கறுப்பு எமானுவெல்' வந்தது. உரிமைத் தகராறு வராதிருக்க ஒரு 'ம்' குறைவு. ஒரு மெய்யெழுத்தை எடுத்துவிட்டால் சட்டம் கையை விட்டுவிடும் என்ற சமயோசிதத்தை நான் மெச்சுகிறேன். கறுப்பு எமானுவெலாக நடித்த லாரா ஜெம்ஸர் ஜாவாவில் பிறந்தவர். 'எம்மானுவெல் 2'-ல் அவர் உண்டு, உடம்பு பிடித்துவிடும் பெண்ணாக. அசலில் ஊழியம் செய்பவள், நகலில் நாயகி. இந்த ஒரு விஷயத்தில் நகல் அசலைவிட நாகரிகமாக நடந்துகொண்டது என்றால் கோபித்துக்கொள்வார்கள்.

இனி வரி. பாங்கு குமாஸ்தாவுக்கு இதுதான் முதலில் கண்ணில் படும். 1975 டிஸம்பர் 30 தேதியிட்ட நிதிச் சட்டத்தில் ஃப்ரெஞ்சு அரசு எக்ஸ் என்ற வகையை உண்டாக்கியது. அந்தப் பட்டியலில் விழுந்த படத்துக்கு 33 சதவீத மதிப்புக் கூட்டு வரி. லாபத்தில் 20 சதவீதம் தனிப் பிடித்தம். அரசின் ஸினிமா ஆதரவு நிதியிலிருந்து ஒரு காசு கிடையாது. சாதாரணத் தியேட்டரில் திரையிடவும் கூடாது, அதற்கென்று ஒதுக்கிய தியேட்டர்களுக்குப் போகவேண்டும். இதில் ரசமான விஷயம், எக்ஸ் படங்களிடமிருந்து பிடித்த பணம் போய்ச் சேர்ந்த இடம் அதே ஆதரவு நிதி. கொடுக்கலாம், வாங்கமுடியாது. நல்ல ஸினிமாவின் கணக்கில் கெட்ட ஸினிமாவின் வரவு. பின்னால் கனால் ப்ளுஸ் தொலைக்காட்சியும் (1984-ல் தொடங்கியது) இதையே வேறு விதமாகச் செய்தது. சந்தாக்காரர்களைப் பிடிக்க ஃபுட்பால், புதுப்படம், மாதம் ஒரு நடுராத்திரிப் படம். அந்தச் சந்தாவிலிருந்து, உடன்படிக்கைப்படி, ஃப்ரெஞ்சுப் படங்களுக்கு முன்பணம். நாம் விழாக்களில் பார்த்துக் கைதட்டுகிற எத்தனையோ படங்களுக்கு அந்த நடுராத்திரியும் கொஞ்சம் படியளந்திருக்கிறது.

'எம்மானுவெல்' இந்தப் பட்டியலில் விழவில்லை. அதில் எல்லாம் பாவனை என்பது ஒரு காரணம். ஆனால் அது மட்டும் காரணமல்ல. எக்ஸ் எது என்று தீர்மானிக்க ஃப்ரெஞ்சு நிர்வாக நீதிமன்றங்கள் சொல்லிவந்த இலக்கணத்தில் 'அழகியல் தேடல் இல்லாமை' என்பதும் ஓர் அம்சம். இதை இரண்டு முறை படித்தேன். அழகியல் என்பது விமர்சகன் வாயில் இருக்கும்வரை அபிப்பிராயம். நீதிபதியின் வாயில் அது வரி விலக்காகிவிடுகிறது. வெளிச்சத்தைச் சரியாக வைப்பவனுக்குக் குறைந்த வரி என்று ஆகிவிட்டால் எவன் வெளிச்சம் வைக்கமாட்டான்? எழுபதுகளின் கடைசியில் பட்டியலுக்குள் விழுந்தவர்கள் சில நாட்களில் படத்தை முடித்து, மலிவு தியேட்டர்களில் ஓட்டிப் பிழைத்தார்கள். 1979-ல் தோன்றிய மார்க் டோர்ஸெல் நிறுவனம் வீடியோ யுகத்தில் எதிர்த்திசையில் போயிற்று. கோட்டை மாளிகை, மாலை உடை, ஷாம்பேன் கோப்பை. அப்புறம் உலகச் சந்தை. பழைய பாஸ்போர்ட்டைப் புதுப்பித்துக்கொண்டார்கள், வேறென்ன. அதைப் பற்றி மேலே சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. ஸெண்டும் கைப்பையும் விற்கிற நாடு அதையும் அதே பெட்டியில் வைத்து விற்றது.

இதுவரை சொன்னதில் ஒரு கேலி தொனித்தால், அது இனி சொல்லப்போவதற்குப் பொருந்தாது.

'எம்மானுவெல்' படத்தில் மாரியோ அவளை ஒரு அபின் கூடத்துக்கு அழைத்துப்போகிறான். அங்கே உள்ளூர் ஆட்கள் அவளைப் பலவந்தம் செய்கிறார்கள். மாரியோ பார்த்துக்கொண்டிருக்கிறான். கதையின்படி அது அவள் கல்வியில் ஒரு பாடம். க்ரிஸ்டெலுக்கு அப்போது வயது இருபத்தொன்று. அந்தக் காட்சியில் தனக்கு உடன்பாடில்லை என்று பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். நான் கவனிக்கச் சொல்வது வெளிச்சத்தை. நீச்சல் குளத்தின் மேல் விழுந்த அதே வெதுவெதுப்பான வெளிச்சம், அதே பூப்போன்ற கரைசல், பின்னால் தாளம் மாறாத இசை. (அந்த இசைத்துணுக்கு தங்கள் பாட்டிலிருந்து எடுத்தது என்று கிங் க்ரிம்ஸன் வழக்காடி, கோர்ட்டுக்கு வெளியே பணத்தில் முடிந்தது. படத்தில் அந்த இடத்துக்காக யாராவது நஷ்டஈடு கேட்டு வாங்கினார்கள் என்றால், அது ஒரு மெட்டுக்காக.) ஒரு பலாத்காரத்துக்கும் ஒரு குளியலுக்கும் இடையே காமிரா வித்தியாசம் பார்க்கவில்லை. தரம் என்று நாம் பாராட்டியது இந்தச் சமநோக்கைத்தான். பாடம் முடிந்ததும் அவள் கண்ணாடிமுன் அமர்ந்து ஒப்பனை செய்துகொள்கிறாள், காமிராவுக்கு அதுவும் அழகு.

அந்த ஆட்கள் யார்? கதைக்குள் பெயர் உள்ள தாய்லாந்துக்காரர் ஒருவரைக்கூட என்னால் நினைவுகூர முடியவில்லை. பரிமாறுகிறார்கள், ஓடம் தள்ளுகிறார்கள், குத்துச்சண்டை போடுகிறார்கள், பலாத்காரம் செய்கிறார்கள். நாகரிகத்தை வெள்ளைக்காரர்கள் போதிக்கிறார்கள், குற்றத்தை உள்ளூர்க்காரர்கள் செய்துகொடுக்கிறார்கள். இத்தனைக்கும் மூல நாவலின் அட்டையில் இருக்கும் எம்மானுவெல் அர்ஸான் என்பது பாங்காக்கில் பிறந்த ஒரு பெண்ணின் புனைபெயர். யுனெஸ்கோவில் இருந்த ஃப்ரெஞ்சுக் கணவர்தான் எழுதினார் என்று சொல்பவர்களும் உண்டு. 1959-ல் ரகசியமாகப் புழங்கி, 1967-ல் பகிரங்கமாக வந்த நாவல். மராயாத் ஆந்த்ரியான் என்ற பெயரில் அவர் 'தி ஸாண்ட் பெபிள்ஸ்' (1966) ஹாலிவுட் படத்தில் நடித்துமிருக்கிறார், சீனப் பெண்ணாக. பாங்காக்கில் பிறந்தவளின் பெயர் போஸ்டரில் உலகம் சுற்றியது. பாங்காக்கோ திரைச்சீலை ஆயிற்று.

பெர்ட்டொலூச்சி பக்திமான்கள் நம்மிடையே உண்டு என்பதால் இதையும் சொல்லிவிடவேண்டும். 'லாஸ்ட் டாங்கோ இன் பாரிஸ்' (1972) கலைப்படம், ஸ்டொராரோவின் ஒளி அதில் கவிதை, எல்லாம் சரி. பத்தொன்பது வயது மரியா ஷ்னைடருக்கு, ஒரு காட்சியில் என்ன நடக்கப்போகிறது என்ற விவரம் முழுதாகச் சொல்லப்படவில்லை என்பதை 2013-ல் பெர்ட்டொலூச்சியே ஒப்புக்கொண்டார். தான் அவமானப்பட்டதை ஷ்னைடர் அதற்கு முன்பே சொல்லிவிட்டிருந்தார். நாம் ஒளியைப் பேசிக்கொண்டிருந்தோம்.

நான் சொல்வதற்கு எதிர்ச்சாட்சி வேண்டுமென்றால் 1999-2000 வருஷங்களைப் பாருங்கள். காத்ரீன் ப்ரெயாவின் 'ரொமான்ஸ்' (1999) படத்தில் போர்னோ உலகின் பிரபல நடிகர் ரோக்கோ ஸிஃப்ரெடி இருக்கிறார். காமிரா யோர்கோஸ் அர்வானிட்டிஸ். ஆமாம், ஆஞ்செலோபுலோஸின் அர்வானிட்டிஸ். வெள்ளைச் சுவர், வெள்ளைப் படுக்கை, கடுமையான ஒழுங்கு. பதினாறு வயதுத் தடையோடு படம் ஓடியது. மறுவருஷம் வர்ஜினி டெபாந்த், கொராலி ட்ரின் தி இருவரும் 'பேஸ்-முவா' எடுத்தார்கள். நடிகைகள் இருவரும் போர்னோவிலிருந்து வந்தவர்கள். டிஜிடல் வீடியோ, தனியாக ஒளியமைப்பு இல்லை. அதிலும் ஒரு பலாத்காரம் இருக்கிறது. பழுப்பும் சாம்பலுமான வெளிச்சத்தில், பார்ப்பவனுக்கு இடமே கொடுக்காத காட்சி. அதற்கும் முதலில் பதினாறு வயதுத் தடைதான். ஒரு அமைப்பு வழக்குத் தொடுக்க, 2000 ஜூன் 30 அன்று நாட்டின் உச்ச நிர்வாக நீதிமன்றம் அனுமதியை ரத்து செய்தது. படம் எக்ஸ் பட்டியலுக்குரியது என்றது. போராட்டங்களுக்குப் பிறகு 2001-ல் பதினெட்டு வயதுத் தடை என்ற வகையைத் திரும்பக் கொண்டுவந்துதான் படத்தை மீட்டார்கள்.

'பேஸ்-முவா' பெரிய படம் என்று நான் சொல்லமாட்டேன். பாதிப் படம் கத்தல். துப்பாக்கியைக் கண்டதும் டைரக்டர்களுக்கே குஷி வந்துவிடுகிறது. 'ரொமான்ஸ்' அதைவிடக் கூர்மையான படம் என்பதிலும் சந்தேகமில்லை. ஆனால் பலாத்காரத்தை அழகாக்க மறுத்த படம் எல்லையில் நிறுத்தப்பட்டது, அழகாக்கிய படம் ஷான்ஸெலிஸேயில் பத்து வருஷம் குடியிருந்தது. 'எடுத்த விதம் நன்றாயிருக்கிறது' என்று நாம் சொல்லும்போது யாருடைய சோதனைச் சாவடியில் உட்கார்ந்து முத்திரை குத்துகிறோம் என்பது எனக்கு இந்த இடத்தில்தான் உறைத்தது.

க்ரிஸ்டெல் 2012-ல் இறந்தார். ஜேக்கின் 2022-ல். 2024 செப்டம்பரில் ஸான் ஸெபாஸ்டியான் விழா புதிய 'எம்மானுவெல்' படத்தோடு துவங்கியது. டைரக்டர் ஓத்ரே திவான். ஆனி எர்னோவின் நூலை வைத்து எடுத்த படத்துக்காக 2021-ல் வெனிஸில் தங்கச் சிங்கம் வாங்கியவர். இந்தமுறை ஒரு பெண்ணின் பார்வையில் என்று முன்கூட்டியே அறிவிப்புகள் வந்தன. பாங்காக் போய் ஹாங்காங் வந்திருக்கிறது. ஃப்ரெஞ்சுக்குப் பதில் பெரும்பாலும் இங்கிலீஷ், சந்தை பெரிதல்லவா. இந்த எம்மானுவெல் யாருடைய மனைவியும் இல்லை. வேலை பார்க்கிறாள். நட்சத்திர ஓட்டல் கம்பெனி ஒன்றுக்காக அதன் ஓட்டல்களில் தங்கி, பூக்கள் எப்படி வைத்திருக்கிறார்கள், பணிவிடை எப்படி, விளக்கு வெளிச்சம் எப்படி என்று பார்த்துக் குறித்துக்கொண்டு அறிக்கை அனுப்பவேண்டும். உத்தியோகம், தரப் பரிசோதகர்.